கதவுக்கு உப்புத்தாள் போதும்

போன மார்கழிக் கடைசியில் எங்கள் வீட்டு வாசல் கதவுக்கு பெயிண்ட் அடிக்க ஆள் தேடினேன். பொங்கலுக்குப் பன்னிரண்டு நாள்தான் இருந்தது. சேத்தியாத்தோப்பில் அந்தச் சமயத்தில் பெயிண்டர் கிடைப்பதும் மாப்பிள்ளை கிடைப்பதும் ஒன்று. எப்படியோ ஒரு தம்பி வந்து சேர்ந்தான். இருபத்திரண்டு, இருபத்து மூன்று வயது இருக்கும். கதவை விரலால் சுரண்டிப் பார்த்துவிட்டு, "நாலு கோட்டுக்கு மேல ஏறியிருக்குதுங்க தாத்தா. கையால தேய்ச்சா ரெண்டு நாளு பூடும். நாளைக்கு கிரைண்டர் எடுத்தாந்துடறேன், ஒரு மணி நேரத்துல வழிச்சு எடுத்துடலாம்" என்றான்.

உள்ளே இருந்து என் மனைவி, "நம்ம கிரைண்டரே கல்லு தேஞ்சு கிடக்குது. கதவுக்கு எதுக்கு அது?" என்று கேட்டாள். எங்கள் வயதுக்காரர்களுக்கு கிரைண்டர் என்றால் இட்லி மாவுதான். தம்பி சொன்னது ஆங்கிள் கிரைண்டர். பட்டறைக்காரர்கள் ஏஜி ஃபோர் என்பார்கள், சிலர் கட்டிங் மிஷின் என்பார்கள். கை முழங்கை நீளத்துக்கு இருக்கும். முனையில் வட்டு சுற்றும். வெல்டிங் பட்டறை வாசலில் நெருப்புப் பொறி பறக்கக் கத்திக்கொண்டிருக்குமே, அதுதான்.

மறுநாள் காலை வந்தான். மடித்துக் கட்டிய கைலி, காலில் ரப்பர் செருப்பு, கழுத்தில் துண்டு. மிஷினில் வட்டுக்கு மேல் இருக்க வேண்டிய தகரக் காப்பு (கார்டு என்பார்கள்) இல்லை. பக்கவாட்டில் பிடித்துக்கொள்ள இருக்கும் கைப்பிடியும் இல்லை. ஒயரில் இரண்டு இடத்தில் டேப் சுற்றியிருந்தது. பிளக்கைச் சொருகினான், கதவில் வைத்தான். ஒரு நிமிடத்தில் திண்ணை முழுக்கப் பச்சைப் புகை. ஆமாம், பச்சை. என் அப்பா காலத்தில் அடித்த பச்சை எனாமல் தூளாகப் பறந்தது. என் மூன்று வயதுப் பேத்தி திண்ணை ஓரத்தில் நின்று கைதட்டிக்கொண்டிருந்தாள்.

நான் போய் பிளக்கைப் பிடுங்கினேன்.

தம்பிக்குக் கோபம் வந்துவிட்டது. முகம் தெரியாத கிழவன் வேலைக்கு நடுவில் கரண்டைப் பிடுங்கினால் யாருக்குத்தான் வராது? "இதெல்லாம் பழக்கந்தாங்க தாத்தா. நாலு வருசமா இதாங்க தொழிலு" என்றான். அவனிடம் அன்று சொன்னதையும், சொல்ல நினைத்துச் சொல்லாமல் விட்டதையும்தான் இங்கே எழுதுகிறேன். தை பிறந்தால் வீடு கட்டுகிறவர்கள், கிரகப்பிரவேசம் செய்கிறவர்கள், பழைய கதவைப் புதுப்பிக்கிறவர்கள் நம்மில் பல பேர். எல்லார் வீட்டுத் திண்ணைக்கும் இந்த மிஷின் வரத்தான் போகிறது.

நான் மிஷினுக்கு விரோதி இல்லை. முப்பத்து நான்கு வருஷம் ஓர் ஆலையின் மராமத்துப் பிரிவில் மிஷின்களோடு குடித்தனம் நடத்தியவன். ஃபிட்டராகச் சேர்ந்து ஃபோர்மேனாக ஓய்வு பெற்றேன். இந்த ஆங்கிள் கிரைண்டர் 1954ல் ஜெர்மனியில் ஃப்ளெக்ஸ் என்ற கம்பெனி கொண்டுவந்தது. நாம் வனஸ்பதி எல்லாவற்றையும் டால்டா என்று சொன்ன மாதிரி, அங்கே எந்தக் கம்பெனி மிஷினையும் ஃப்ளெக்ஸ் என்றே சொல்வார்கள். இரும்பை அறுக்கவும், வெல்டிங் போட்ட மேட்டைத் தேய்த்துச் சமப்படுத்தவும் வந்த சாமான் அது. அந்த வேலைக்கு அதற்கு ஈடு கிடையாது. நான் சேர்ந்த புதிதில் அரம் வைத்து அரை நாள் தேய்த்த வேலையை அது பத்து நிமிடத்தில் முடித்ததை வாயைப் பிளந்துகொண்டு பார்த்திருக்கிறேன்.

ஆனால் அதன் வேகத்தைக் கொஞ்சம் கணக்குப் போட்டுப் பாருங்கள். நான்கு அங்குல மிஷின் நிமிடத்துக்குச் சுமார் 11,000 சுற்று சுற்றுகிறது. வட்டின் விளிம்பில் இருக்கும் ஒரு மணல் துகள் மணிக்கு 200 கிலோமீட்டருக்கு மேல் ஓடுகிறது. விருத்தாசலம் வழியாகப் போகும் வந்தே பாரத் ரயில்கூட அந்த வேகத்தில் போவதில்லை. அந்த ரயிலை ஒரு கையில் பிடித்துக்கொண்டு, கழுத்தில் துண்டைத் தொங்கவிட்டுக்கொண்டு நிற்கிறோம்.

அந்தத் துண்டுதான் எனக்கு முதல் பயம். துண்டின் நுனியோ, கைலியின் மடிப்போ, வேட்டிக் கரையோ வட்டில் ஒரு நூல் சிக்கினால் போதும். மிஷின் துணியைச் சுருட்டிக்கொண்டு ஆளை நோக்கி வரும், ஆள் மிஷினைத் தள்ள முடியாது. தொளதொளவென்ற நூல் கையுறையும் அப்படித்தான். கையைக் காப்பாற்றப் போட்டது கையை உள்ளே இழுக்கும். எங்கள் ஆலையில் வேட்டியோடு உள்ளே வரக்கூடாது, அரைக்கால் சட்டையாவது போட்டுக்கொண்டுதான் மிஷின் பக்கம் வர வேண்டும் என்று ஒரு பழைய சீஃப் இன்ஜினியர் கண்டிப்பாக இருந்தார். அப்போது அவரைக் கரித்துக்கொட்டியிருக்கிறோம்.

அடுத்தது அந்தத் தகரக் காப்பு. இதைப் பற்றிப் பேச எனக்கு ஒரு யோக்கியதை உண்டு, அது நல்ல யோக்கியதை இல்லை. எண்பதுகளின் நடுவில் ஒரு நாள். ஒரு குழாயின் மூலையில் வட்டு எட்டவில்லை என்று எங்கள் ஆள் ஒருவர் காப்பைக் கழற்றிவிட்டு வேலை செய்தார். அன்று காலை ரவுண்டு போகும்போது நான் அதைப் பார்த்தேன். பார்த்துவிட்டு, "சீக்கிரம் முடிங்க" என்று சொல்லிவிட்டு நகர்ந்தேன். டீ டைமுக்கு முன்னால் வட்டு உடைந்தது. மூன்று துண்டானதில் ஒரு துண்டு அவர் கன்னத்தைக் கிழித்துக்கொண்டு போய்த் தகரக் கூரையில் ஓட்டை போட்டது. பதினோரு தையல். கண்ணுக்கும் காயத்துக்கும் இடையில் ஒரு விரல் அகலம்தான் இருந்தது. காப்பு இருந்திருந்தால் அந்தத் துண்டு அதில் மோதிக் கீழே விழுந்திருக்கும். அது எதற்காக இருக்கிறது என்று அன்றுதான் எனக்குப் புரிந்தது என்று சொன்னால் பொய். முன்பே தெரியும். தெரிந்துதான் "சீக்கிரம் முடிங்க" என்றேன்.

வட்டு ஏன் உடைகிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். பழைய பட்டறைகளில் மேசை மேல் நிற்கும் சாணைக் கல்லை மாட்டுவதற்கு முன், அதை விரலில் தொங்கவிட்டு மரக் கைப்பிடியால் தட்டிப் பார்ப்போம். கணீர் என்று சத்தம் வந்தால் நல்ல கல், மொத்தென்று கேட்டால் உள்ளே விரிசல். சந்தையில் பானையைத் தட்டிப் பார்த்து வாங்குவோமே, அதே பரீட்சைதான். அந்தக் கல்லும் சூளையில் சுட்டதுதான், பானைக்குத் தம்பி முறை. ஆனால் இந்த மெல்லிய வட்டுக்கு அந்தப் பரீட்சை செல்லாது. இது பிசினில் கட்டிய வட்டு, தட்டினால் ஒன்றும் சொல்லாது. கண்ணால்தான் பார்க்க வேண்டும். இன்னொரு விஷயம் பல பேருக்குத் தெரியாது. மாத்திரை அட்டை மாதிரி இதற்கும் காலாவதி உண்டு. நல்ல கம்பெனி வட்டின் நடுவில் இருக்கும் உலோக வளையத்தில் மாதமும் வருஷமும் அடித்திருக்கும். செய்த நாளிலிருந்து மூன்று வருஷம்தான் அதன் ஆயுள். ஈரத்தில் கிடந்தால் பிசின் முன்பே கெட்டுவிடும். நம் ஊரில் ஐப்பசி மழையில் நனைந்த சாக்கில் கிடந்த வட்டை எடுத்துத் துடைத்து மாட்டுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன்.

அதைவிட மோசம், ஏழு அங்குல வட்டை புஷ் போட்டு நான்கு அங்குல மிஷினில் மாட்டுவது. ஏழு அங்குல வட்டு தாங்குகிற வேகம் 8,500 சுற்று. வட்டு மேலேயே அச்சிட்டிருக்கும். அதை 11,000ல் சுற்றவிடுகிறவன் வட்டு உடையுமா என்று கேட்க வேண்டியதில்லை, எப்போது என்று கேட்டால் போதும். பெரிய வட்டு மாட்ட வேண்டுமென்றால் காப்பைக் கழற்றித்தானே ஆக வேண்டும்? இரண்டு தப்பும் ஜோடி போட்டுக்கொண்டுதான் வரும்.

இனி தேய்ப்பு வேலைக்கு வருகிறேன். அறுக்கிற மெல்லிய வட்டின் பக்கவாட்டில் வைத்துத் தேய்ப்பது கூடவே கூடாது. அது விளிம்பில் மட்டும் பலமுள்ளது, பக்கத்தில் அழுத்தினால் அப்பளம். தேய்க்க வேண்டுமானால் அடுக்கடுக்காக உப்புத்தாள் துண்டு ஒட்டிய ஃப்ளாப் டிஸ்க் இருக்கிறது, அல்லது ரப்பர் திண்டின் மேல் ஒட்டுகிற தாள் இருக்கிறது. அந்தத் திண்டுக்கும் ஒரு வேகம் எழுதியிருக்கும். மலிவாகக் கிடைக்கும் ஒட்டுத் திண்டுகள் அந்த வேகம் தாங்காமல் தாளைத் தட்டு மாதிரி வீசி எறிவதைப் பார்த்திருக்கிறேன். புது வட்டு மாட்டினால் காப்போடு, ஆள் இல்லாத பக்கம் பார்த்து ஒரு நிமிடம் சும்மா ஓடவிட வேண்டும். கெட்ட வட்டு பெரும்பாலும் அந்த முதல் நிமிடத்திலேயே தன் குணத்தைக் காட்டிவிடும். இரண்டு கையாலும் பிடிக்க வேண்டும். வட்டு மாற்றும்போது சுவிட்சை நிறுத்தினால் போதாது, பிளக்கையே பிடுங்க வேண்டும். சுற்று நிற்பதற்கு முன் கீழே வைக்கக்கூடாது. நம் மூக்குக் கண்ணாடி பேப்பர் படிக்கத்தான், இதற்குப் பக்கமும் மூடிய கண்ணாடி வேண்டும். இரும்பு தேய்ப்பதாக இருந்தால் வைக்கோல் போருக்குப் பக்கத்தில் வேண்டாம் என்று கிராமத்துக்காரர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. ஆனாலும் சொல்லி வைக்கிறேன்.

இவ்வளவும் செய்தாலும், மரக் கதவைத் தேய்க்க இந்த மிஷின் தேவையில்லை என்பதுதான் என் அபிப்பிராயம். இரும்புக்கு ஏற்பட்ட வேகம் மரத்துக்கு ஆகாது. தேக்குப் பலகையில் ஒரு நொடி கூடுதலாக நின்றால் கருகும், பிறை பிறையாகப் பள்ளம் விழும். பெயிண்ட் காய்ந்த பிறகு சாய்வெயிலில் பார்த்தால் அம்மை வடு மாதிரி தெரியும். மிஷின்தான் வேண்டும் என்றால் ஆர்பிட்டல் சாண்டர் என்று ஒன்று இருக்கிறது. உள்ளங்கை அளவு தட்டு, சின்னச் சின்ன வட்டமாக அதிரும், தூளை உறிஞ்சிக்கொள்ள பையும் உண்டு. வெட்டாது, வீசாது. கொஞ்சம் மெதுவாக வேலை செய்யும், அவ்வளவுதான்.

இதுவரை சொன்னது எல்லாம் கண்ணுக்குத் தெரிகிற ஆபத்து. ரத்தம் வரும், தையல் போடலாம், ஊரே கூடி நிற்கும். நான் அன்று பிளக்கைப் பிடுங்கியது அதற்காக மட்டும் இல்லை. அந்தப் பச்சைப் புகைக்காக.

நம் அப்பா காலத்து எனாமல் பெயிண்டில் ஈயம் கலந்திருக்கும். மஞ்சள், சிவப்பு, பச்சை போன்ற பளிச்சென்ற நிறங்களில் அதிகம். நம் நாட்டில் வீட்டு பெயிண்டில் ஈயம் பத்து லட்சத்தில் 90 பங்குக்கு மேல் இருக்கக்கூடாது என்று 2016ல்தான் மத்திய அரசு விதி போட்டது. அது நடைமுறைக்கு வந்தது 2017 நவம்பரில். அதற்கு முந்திய கதவு, ஜன்னல் கம்பி, தொட்டில், கட்டில் எதுவானாலும் ஈயம் இருக்கிறது என்று வைத்துக்கொண்டுதான் கை வைக்க வேண்டும். கதவில் ஒட்டிக்கொண்டு சும்மா இருக்கும் வரை அது ஒன்றும் செய்யாது. தூளாக்கினால் திண்ணையிலும் துளசி மாடத்திலும் தண்ணீர்க் குடத்திலும் போய் உட்காரும். பெரியவர்களைவிடக் குழந்தைகளின் உடம்பு ஈயத்தை அதிகமாக உறிஞ்சும். அவர்களின் மூளை வளர்ச்சியைத்தான் அது கெடுக்கும். குழந்தை என்ன செய்யும்? தரையில் கை வைக்கும், கையை வாயில் வைக்கும். என் பேத்தி கைதட்டிக்கொண்டு நின்ற இடம் அதுதான்.

பழைய பெயிண்டைச் சுட்டு எடுக்கிறேன் என்று புளோலாம்ப் கொண்டு வருகிறவர்களும் உண்டு. அது இன்னும் மோசம், ஈயம் ஆவியாகவே மூக்குக்குள் போகும்.

தூள் என்ன செய்யும் என்று எனக்குப் பாடம் சொன்னது புத்தகம் இல்லை. என் பெரியம்மா மகன். என்னைவிட ஐந்து வயது பெரியவர். விருத்தாசலத்தில் ஒரு சின்ன பீங்கான் யூனிட்டில் பதினேழு வயதில் சேர்ந்தார். அந்தக் காலத்தில் விருத்தாசலம் பீங்கான் என்றால் நமக்கெல்லாம் ஒரு பெருமை. சேத்தியாத்தோப்பு குறுக்கு ரோட்டில் பஸ் ஏறினால் அரை மணி, முக்கால் மணியில் போய்விடலாம். நெய்வேலி பக்கத்துக் களிமண், அரசாங்கத்தின் பீங்கான் தொழில்நுட்பக் கல்லூரி, தொழிற்பேட்டை, வரிசையாகச் சூளைகள். வீட்டுக்கு வீடு இருந்த வெள்ளை ஃபியூஸ் கட்டை, மின்கம்பத்துக் குமிழ், ஊறுகாய் ஜாடி, கொலுப் பொம்மை எல்லாம் அங்கிருந்து போனவை. அண்ணனுக்கு ஃபியூஸ் கட்டையின் பிசிறு எடுக்கிற வேலை. அச்சில் அழுத்தி எடுத்துக் காய வைத்த கட்டையின் விளிம்பில் பிசிறு இருக்கும். அதை உப்புத்தாளில் தேய்த்து மழமழப்பாக்க வேண்டும். பிறகு ஒரு சின்ன மோட்டாரில் வட்டு மாட்டிக் கொடுத்தார்கள். வேலை மூன்று மடங்கு வேகமாக நடந்தது, தூளும் மூன்று மடங்கு. சாயங்காலம் அவர் சைக்கிளில் வரும்போது புருவம், மீசை, தலை எல்லாம் வெள்ளையாக இருக்கும். "மாப்பிள்ளைக்கு பவுடர் போட்டு அனுப்பிட்டாங்க" என்று எங்கள் பெரியம்மா சிரிப்பார்.

முப்பத்தெட்டு வயதில் இருமல். டி.பி. என்றார்கள். மாத்திரை சாப்பிட்டார், கொஞ்சம் தேறினார், திரும்பவும் அதே வட்டுக்குப் போய் உட்கார்ந்தார். மறுபடி இருமல், மறுபடி மாத்திரை. நான்கு வருஷம் கழித்து ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரேயைப் பார்த்த இளம் டாக்டர்தான், "என்ன வேலை செய்யறீங்க?" என்று கேட்டார். அதுவரை யாரும் அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. சிலிகோசிஸ் என்றார். எங்கள் வீட்டில் யாருக்கும் அந்தப் பெயர் வாயில் நுழையவில்லை. கடைசி இரண்டு வருஷம் அண்ணனால் திண்ணையிலிருந்து கொல்லைக்கு ஒரே மூச்சில் நடக்க முடியவில்லை. நடுவில் தூணைப் பிடித்துக்கொண்டு நிற்பார். ஐம்பத்திரண்டு வயதில் போனார்.

களிமண்ணிலும் கல்லிலும் மணலிலும் சிலிக்கா இருக்கிறது. கண்ணில் தெரிகிற தூள் மூக்கிலும் தொண்டையிலும் நின்றுவிடும், தும்மினால் வெளியே வந்துவிடும். கண்ணுக்குத் தெரியாத பொடிதான் நுரையீரலின் அடி வரை போய் உட்காரும். உடம்பு அதைத் தின்று செரிக்கப் பார்க்கும், முடியாது. அந்த இடத்தில் வடு விழும். வடு பெருகப் பெருக நுரையீரல் விரியாது. பத்து, இருபது வருஷம் வெளியே ஒன்றும் தெரியாது. வந்த பிறகு வைத்தியம் கிடையாது. சிலிக்கா படிந்த நுரையீரலில் டி.பி. சுலபமாகப் பிடிக்கும் என்பதால், இது டி.பி.யா அதுவா என்று டாக்டர்களே ஏமாந்துபோவதும் உண்டு. 1948ஆம் வருஷத்துத் தொழிற்சாலைச் சட்டத்திலேயே இந்த நோய் அட்டவணையில் இருந்தது, கண்டுபிடித்த டாக்டர் அரசாங்கத்துக்குத் தெரிவிக்க வேண்டும் என்றும் இருந்தது. அதற்கு முதலில் டாக்டர் "என்ன வேலை?" என்று கேட்க வேண்டுமே.

இது விருத்தாசலத்துக்கு மட்டும் வந்த சீக்கு இல்லை. இங்கிலாந்தில் பீங்கானுக்குப் பேர்போன ஸ்டோக்-ஆன்-ட்ரென்ட்டில் இதற்குக் குயவர் நோய் என்றே பெயர் இருந்தது. நாம் சின்ன வயதில் சிலேட்டில் எழுதினோமே குச்சி, கடித்துத் தின்றவர்களும் நம்மில் உண்டு, அந்தக் குச்சியை மத்தியப் பிரதேசத்தில் மந்த்சௌர் பக்கம் கல்லை மிஷினில் அறுத்துத்தான் செய்தார்கள். அறுத்த தொழிலாளர்கள் இதே நோயில் சின்ன வயதிலேயே போனார்கள். ஆஸ்திரேலியாவில் சமையல் மேடைக்குப் போடும் செயற்கைக் கல்லை இதே மாதிரி மிஷினில் வெட்டி இளைஞர்கள் நோயாளியாகிறார்கள் என்று 2024 ஜூலை 1 முதல் அந்தக் கல்லையே தடை செய்துவிட்டார்கள். நம் தெருவில் டைல்ஸ் வெட்டும்போது, கிரானைட் ஓரம் தேய்க்கும்போது, சிமெண்ட் சுவரைச் சுரண்டும்போது எழும் வெள்ளைப் புகையும் அதே ஜாதிதான்.

மூக்கில் துண்டைக் கட்டிக்கொண்டால் போதாதா என்றால் போதாது. துணியின் இழைக்கு நடுவில் அந்தப் பொடி மாட்டுவண்டியே ஓட்டிக்கொண்டு போகும். கொரோனா புண்ணியத்தில் நம் எல்லாருக்கும் என்95 தெரியும். ஐ.எஸ். 9473 என்று அச்சிட்டதைப் பார்த்து வாங்கி, மூக்குக் கம்பியை அழுத்தி, ஓரத்தில் காற்று புகாமல் போட வேண்டும். அதைவிட நல்லது தூளே எழாமல் ஈரத்தில் தேய்ப்பது. ஆனால் கரண்ட் மிஷினில் தண்ணீரை ஊற்றிவிடாதீர்கள், அது வேறு வழியில் ஆளைக் கொண்டுபோய்விடும். ஈரம் கைத்தேய்ப்புக்குத்தான். பெயிண்டர்கள் வாட்டர் பேப்பர் என்று சொல்லும் கறுப்புத் தாள் அதற்கென்றே இருக்கிறது.

டீக்கடை பெஞ்சில் இதைச் சொன்னபோது ஓய்வுபெற்ற வாத்தியார் நண்பர் ஒருவர், "அவன் தொழில் அவனுக்குத் தெரியாதா? நாம சொன்னா கேப்பானா? வேற வீட்டைப் பாத்துக்கிட்டுப் போயிடுவான்" என்றார். நியாயமான கேள்விதான். ஆனால் அந்தத் தம்பி ஏன் மிஷினைக் கொண்டு வந்தான் என்று யோசித்துப் பார்த்தேன். கதவு, நிலை, இரண்டு ஜன்னல் எல்லாம் சேர்த்து அவன் ஆறாயிரம் கேட்டான். நான் பேசிப் பேசி நாலாயிரத்து ஐநூறுக்குக் கொண்டு வந்தேன். பொங்கலுக்குள் முடிக்க வேண்டும் என்றும் சொன்னேன். மொத்தக் கூலியைக் குறைத்து நாளையும் குறைத்தால், அவன் மிஷினைத்தான் எடுப்பான். காப்பு இருந்தால் மூலை எட்டாது, மூலை எட்டாவிட்டால் நேரம் ஆகும். அப்படிப் பார்த்தால் அந்தக் காப்பைக் கழற்றியது அவனா, நானா? எண்பதுகளில் "சீக்கிரம் முடிங்க" என்று சொன்ன அதே ஆள்தான் திண்ணையில் உட்கார்ந்து பேரம் பேசியிருக்கிறான்.

ஆலைக்குள் என்றால் சேஃப்டி ஆபீசர், இன்ஸ்பெக்டர் என்று கேட்க நாலு பேர் உண்டு. வீட்டு வேலைக்கு வருகிறவனுக்கு யார் இருக்கிறார்கள்? நாம்தான். அவனுக்குக் கூலி கொடுக்கிற ஒரு நாளைக்கு நாம்தான் அந்த ஆலையின் முதலாளி. அதனால் தேய்ப்பு வேலையை மொத்தக் கூலியில் சேர்க்காமல் நாள் கூலியாகப் பேசுங்கள் என்பேன். நாள் கூலி வாங்குகிறவனுக்கு அவசரம் இல்லை. மிஷின் வந்தால் காப்பு எங்கே என்று கேளுங்கள். அது பெட்டியோடு இலவசமாக வருகிற சாமான், கழற்றி எறிவதற்குத்தான் ஒருவன் மெனக்கெட வேண்டும். கண்ணாடியும் முகக்கவசமும் நீங்களே வாங்கி வையுங்கள், ஒரு வேளை பிரியாணிக் காசுதான் ஆகும். கட்டுமானத் தொழிலாளர் நல வாரியத்தில் பதிந்திருக்கிறாயா என்றும் ஒரு வார்த்தை கேட்டு வையுங்கள். பெயிண்டரும் தச்சரும் அதில் சேரலாம், விபத்து என்றால் உதவித் தொகை உண்டு. பல பையன்களுக்கு அது தெரிவதில்லை.

எங்கள் கதவு மூன்று நாளில் முடிந்தது. குறைத்த ஆயிரத்து ஐநூறைத் திரும்பச் சேர்த்துக் கொடுத்தேன். என் மனைவி அதை இன்றுவரை சொல்லிக் காட்டுகிறாள். கதவைக் கழற்றிக் கொல்லைப்புறம் கொண்டுபோய், பழைய பிளாஸ்டிக் தார்ப்பாய் விரித்து, வாட்டர் பேப்பரும் வாளித் தண்ணீருமாகத் தம்பி தேய்த்தான். இரண்டாம் நாள் நானும் ஒரு பக்கம் உட்கார்ந்தேன், தோள்பட்டை ஒரு வாரம் வலித்தது. வடிந்த பச்சைச் சேற்றைச் செய்தித்தாளில் ஒற்றி எடுத்துக் கட்டி வைத்தோம், வாய்க்கால் பக்கம் விடவில்லை. பேத்தியை அந்த மூன்று நாளும் அவள் அத்தை வீட்டுக்கு அனுப்பிவிட்டோம். கதவுக்குத் திரும்பவும் பச்சைதான் அடித்தோம், டப்பாவில் ஈயம் சேர்க்காதது என்று போட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்கி.

போன வாரம் இரண்டு வீடு தள்ளி அதே சத்தம் கேட்டது. எழுந்து போய்ப் பார்த்தேன். நம் தம்பிதான், ஒரு இரும்பு கேட்டைத் தேய்த்துக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்ததும் மிஷினை நிறுத்தித் தூக்கிக் காட்டினான். காப்பு இருந்தது, பக்கக் கைப்பிடியும் இருந்தது. கண்ணாடிகூடப் போட்டிருந்தான். கழுத்தில் துண்டும் இருந்தது. ஒன்றும் பேசாமல் அதை உருவி என் தோளில் போட்டுக்கொண்டு வந்துவிட்டேன். எங்கள் வீட்டுக் கொடியில்தான் கிடக்கிறது. இன்னும் வந்து கேட்கவில்லை.